பெரியவர் கையில் வைத்த மண்

என் கையெழுத்துக்கு முதலிலேயே மன்னிப்புக் கேட்டுக்கொள்கிறேன். சோரியாங்குப்பம் பள்ளிக்கூடத்தில் ஐந்தாவது வரை படித்ததோடு சரி. அதற்குப் பிறகு இந்தக் கை நாற்று பிடித்தது, கரும்புக் கட்டு பிடித்தது, நடக்க முடியாதவர்களைப் பிடித்துத் தூக்கியது. பேனா பிடித்தது கையெழுத்துப் போட மட்டும்தான். எந்த இடத்தில் எந்த ‘ர’ வரும் என்று எனக்கு இன்னும் நிச்சயமாகத் தெரியாது. தப்பாக இருக்கிற இடத்தைச் சரியாக்கிப் படித்துக்கொள்ளவும்.

மூலக்குளத்தில், வீட்டோடு தங்கி முதியவர்களைப் பார்த்துக்கொள்ளும் வேலைக்குப் பயிற்சி கொடுக்கிற இடம் ஒன்று இருக்கிறது. இப்போது ஏஜென்ட்டுகள் ஊர் ஊராக வந்து இஸ்ரேலுக்கு ஆள் எடுக்கிறார்கள். முன்பு எங்களைப் போன்ற ஆட்களை மட்டும் எடுத்தார்கள், இப்போது கொத்தனார், கம்பி கட்டுகிறவர் என்று எல்லோரையும் கேட்கிறார்கள். அதனால் அங்கே கூட்டம் அதிகம். அதை நடத்தும் கலைச்செல்வி மேடம் என்னைக் கூப்பிட்டு, “போய்ட்டு வந்தவரு, நாலு வார்த்தை பேசுங்கண்ணா” என்றார்.

வகுப்பில் முன்னால் போய் நின்றேன். “எல்லாருக்கும் வணக்கம்” என்றேன். அதற்கு மேல் ஒன்றும் வரவில்லை. சின்ன வயதிலிருந்தே நான் இப்படித்தான். நாலு பேர் பார்த்தால் நாக்கு உள்ளே போய்விடும். அப்போது வில்லியனூர்ப் பெண் ஒன்று எழுந்து கேட்டது.

“அண்ணா, நீங்க பாத்துக்கினவரு பெரிய அரசியல்வாதியாமே? அடுத்தவங்க நிலத்துல வூடு கட்டுங்கடான்னு சொல்லிக்கினே இருந்தவராமே? அவருக்குப் போயி எப்பிடிண்ணா சோறு ஊட்டுனீங்க?”

சிலர் சிரித்தார்கள். அந்தப் பெண் சிரிக்கவில்லை. உண்மையாகத்தான் கேட்டது. நான் பதில் சொல்லாமல் வந்து உட்கார்ந்துவிட்டேன். மேடம் வெளியே வந்து, “பேச வரலன்னா எழுதிக் குடுங்கண்ணா, நான் படிச்சிக் காட்டறேன்” என்றார். அதற்காகத்தான் இது.

எனக்கு இந்த வேலை கைவந்தது அரியாங்குப்பம் பக்கம் ஒரு ஆஸ்பத்திரியில். வார்டில் ஆள் தூக்குகிற வேலை. ஸ்ட்ரெச்சர் தள்ளுவது, பெட்பேன் வைப்பது, புண் கழுவும்போது பிடித்துக்கொள்வது. நர்சம்மாக்கள் செய்வதைப் பார்த்துப் பார்த்தே கற்றுக்கொண்டேன். சர்ச்சில் பழக்கமான ஒருவர் மூலம் ஏஜென்ட் வந்தார். அப்போது படிப்பை அவ்வளவு பார்க்கவில்லை. உடம்பில் பலம், இங்கிலீஷில் கொஞ்சம் வார்த்தை, பொறுமை. போனேன். முதலில் பார்த்துக்கொண்ட ஒரு பாட்டியம்மா சீக்கிரமே போய்விட்டார். அடுத்து வந்த இடம்தான் பெரியவர் வீடு. கடைசி வரைக்கும் அங்கேதான்.

பெரியவர் என்றுதான் எழுதப் போகிறேன். பேர் வேண்டாம். அவர் மகள் அவரை ‘அப்பா’ என்றுதான் கூப்பிடும். அவர்கள் பாஷையிலும் அப்பாவுக்கு அப்பாதான். முதல் நாள் ஸ்பீக்கர் போனில் அதைக் கேட்டபோது யாரோ நம் ஊர் ஆள் உள்ளே இருக்கிறார் என்று திரும்பிப் பார்த்தேன்.

அவர் வட்டார சபைத் தலைவராக இருந்தவர். நம் ஊர்க் கணக்குக்கு கொம்யூன் பஞ்சாயத்து சேர்மன் மாதிரி. ஆனால் செல்வாக்கு எம்.பி.க்கு மேல். அவர் ஊர் இருந்தது, பழைய யுத்தம் ஒன்றில் இஸ்ரேல் பிடித்த மலைப் பகுதியில். அங்கே யூதர்கள் குடியேறி வீடு கட்டலாமா கூடாதா என்று உலகமே சண்டை போடுகிறது. கட்டத்தான் வேண்டும் என்று ஆயுசு முழுக்கப் பேசினவர் இவர். வாலிபத்தில் பூகோள வாத்தியார். சில குடும்பங்களைச் சேர்த்துக்கொண்டு கூடாரத்தோடு அந்தப் பாறை மேல் ஏறினாராம். பிறகு சக்கரம் வைத்த தகர வீடுகள். பிறகு ரோடு, கரண்ட், தண்ணீர்த் தொட்டி, சிவப்பு ஓடு போட்ட வீடுகள். ஒவ்வொன்றுக்கும் மந்திரிகள் வாசலில் நின்றிருக்கிறார், வெளிநாட்டு டிவியில் வாதாடியிருக்கிறார். கீழே பள்ளத்தில் அரபு ஊர்கள். அவர்கள் இது எங்கள் பாட்டன் நிலம் என்றார்கள். இவர் இது எங்கள் பாட்டனுக்கும் பாட்டன் நிலம் என்றார். கோர்ட்டுக்குப் போனார்கள். அதிகமும் இவர்தான் ஜெயித்தார்.

நான் போய்ச் சேர்ந்த அன்று அவர் ஜன்னல் பக்கம் வெள்ளைச் சட்டை போட்டு உட்கார்ந்திருந்தார். பக்கவாதத்தில் இடது பக்கம் போயிருந்தது. பேச்சு இருந்தது. பேர் கேட்கவில்லை, என்ன வேலை தெரியும் என்று கேட்கவில்லை. முதல் கேள்வியே, “ஊரில் சொந்த வீடா?”

“ஆமாம் ஐயா. கவர்மென்ட் கொடுத்த மனை. பட்டா மனைவி பேரில்.”

“கூரை?”

“ஓலை. சுவர் பாதி நிற்கிறது.”

ஒரு விரலைத் தூக்கினார். அவர் விரல் தூக்கினால் மற்றவர்கள் வாயை மூட வேண்டும். “காகிதத்தை நம்பாதே. முதலில் தளம் போடு. கூரை இருக்கிற இடத்தை எவனாலும் அசைக்க முடியாது.”

அவருடைய அரசியல் மொத்தமும் அதுதான் என்று எனக்குப் பிறகுதான் புரிந்தது. சின்னப் பிள்ளையாக இருந்தபோது வேறு நாட்டிலிருந்து துரத்தப்பட்டு வந்து, தகரக் கொட்டகை முகாமில் வளர்ந்தவர். மழை பெய்தால் அவர் அம்மா பாத்திரங்களை ஒழுகும் இடம் பார்த்து வைத்துக்கொண்டே இருப்பாராம். அதைச் சொல்லும்போது மட்டும் அவர் குரல் மேடைக் குரலாக இருக்காது.

என் வீட்டுத் தளம் அவர் சொல்லித்தான் போட்டேன். முதல் விடுமுறையில் வந்தபோது போட்டேன். இன்றைக்கும் அதன் கீழே உட்கார்ந்துதான் எழுதுகிறேன். அதையும் சொல்லாமல் விட்டால் சரியாகாது.

வேலையைப் பற்றிப் பிள்ளைகளுக்குச் சொல்ல வேண்டும். முதல் பாடம், தொடுவதற்கு முன்னால் சொல்ல வேண்டும். “ஐயா, கையைத் தூக்குகிறேன்.” “ஐயா, இடது பக்கம் திருப்புகிறேன்.” நினைவே இல்லாதவராக இருந்தாலும் சொல்ல வேண்டும். சொல்லாமல் தொட்டால் அது பொருளைத் தொடுவது மாதிரி. படுக்கையிலிருந்து நாற்காலிக்கு மாற்றும்போது முதுகை வளைக்கக் கூடாது, முட்டியை மடக்க வேண்டும். நான் பல தடவை முதுகை வளைத்தேன். அதனால்தான் இந்த வயதிலேயே வீட்டில் உட்கார்ந்திருக்கிறேன். குதிகாலையும் இடுப்பு எலும்பையும் தினமும் வெளிச்சத்தில் பார்க்க வேண்டும். சிவந்திருந்தால் புண் வரப் போகிறது. பக்கவாதக்காரருக்குத் தண்ணீரை அப்படியே கொடுக்கக் கூடாது, மாவு கலந்து கூழ்ப் பதத்தில் கொடுக்க வேண்டும். நிமிர்த்தி உட்கார வைத்து, தாடையைக் கொஞ்சம் தாழ்த்தி, சின்னக் கரண்டியில், ஒரு வாய் இறங்கிய பிறகு அடுத்த வாய். எப்படிச் சோறு ஊட்டினேன் என்று கேட்ட பெண்ணுக்கு இதுதான் பதில். இதைத் தவிர வேறு மாதிரி ஊட்ட எனக்குத் தெரியாது.

இரண்டு வருஷம் போனதும் அவருக்கு ஞாபகம் தப்ப ஆரம்பித்தது. காலை மாத்திரையை வாயில் வைத்தால் துப்புவார். ஒருநாள் என்னை ஏற இறங்கப் பார்த்து, “மந்திரி அவர்களே, கடைசியில் வந்தீர்களா?” என்றார்.

யார் மந்திரி என்று திரும்பிப் பார்த்தேன். அறையில் நான் ஒருவன்தான்.

“கிழக்கு ரோட்டை எத்தனை வருஷம் இழுப்பீர்கள்? அங்கே குழந்தைகள் இருக்கிறார்கள். எனக்கு இன்றைக்கே பதில் வேண்டும்.” அப்படியே மேடைப் பேச்சு ஓடியது. மாத்திரை கையில் கரைந்துகொண்டிருந்தது. வேறு வழி தெரியாமல், “சாங்ஷன் ஆயிடுச்சி ஐயா” என்றேன்.

“எழுத்திலா?”

“எழுத்திலே.”

வாயைத் திறந்தார். மாத்திரை இறங்கியது.

அதிலிருந்து தினமும் காலையில் நான் மந்திரி. ஒரு ரோடு, ஒரு தண்ணீர்க் குழாய், ஒரு பள்ளிக்கூடம், ஏதாவது ஒன்று சாங்ஷன் செய்தால்தான் மாத்திரை. நாலு பேர் முன்னால் வாய் திறக்காதவன் நான். அந்த மலை பூராவும் என் வாயாலேயே ரோடு போட்டேன்.

அந்த வீட்டுத் தோட்டத்தில் வேலை செய்தவர் யூசுப். கீழே இருந்த அரபு ஊர்க்காரர். என் வயது இருக்கும். காலையில் குடியிருப்பு வாசல் கேட்டில் பெர்மிட் காகிதம் காட்டி, சோதனை முடிந்து உள்ளே வருவார். ரோஜாவுக்குச் சொட்டுக் குழாய், எலுமிச்சைக்குக் கவாத்து, ஓரத்தில் புதினா. ஜன்னல் திறந்திருக்கும், அதனால் உள்ளே நடப்பது எல்லாம் அவருக்குக் கேட்கும். நாங்கள் இரண்டு பேரும் அந்த நாட்டுப் பாஷையை அரைகுறையாகப் பேசுவோம். அதை நம் ஊர்ப் பேச்சில்தான் எழுத முடியும்.

நான் குப்பை போட வெளியே வந்தால் எழுந்து நின்று சல்யூட் அடிப்பார். “வாங்க மந்திரி. இன்னிக்கி இன்னா சாங்ஷன்?”

“ரோடு.”

“மறுபடியும் ரோடா? எங்க ஊருக்கு ஒரு தண்ணிக் குழாய் போடுப்பா. வாரத்துக்கு ஒருவாட்டி லாரி வருது, அதுவும் வந்தா வருது.”

“சாங்ஷன்” என்றேன். எனக்கு வெட்கமாக இருந்தது.

“உன் கையெழுத்துக்கு மாத்திரைதான் இறங்கும், தண்ணி இறங்காது” என்று சிரித்தார். சிரித்துவிட்டு அந்தச் சொட்டுக் குழாயில் அடைத்த துவாரத்தை ஊசியால் குத்தித் திறந்தார். பாகூர் ஏரித் தண்ணீருக்கு மடையில் சண்டை போட்டவர்களைப் பார்த்து வளர்ந்தவன் நான். அந்தச் சிரிப்பு எனக்குப் புரியும்.

பெரியவர் யூசுப்பைக் கெட்ட வார்த்தை பேசி நான் கேட்டதில்லை. “நல்ல வேலைக்காரன்” என்பார். பேர் சொல்லிக் கூப்பிட்டும் கேட்டதில்லை.

கடைசி வருஷம் வந்தது. சாப்பாடு குறைந்தது, பேச்சு நின்றது. ஆஸ்பத்திரியில் இனிச் செய்ய ஒன்றுமில்லை என்று வீட்டுக்கு அனுப்பினார்கள். வலிக்கு மருந்து மட்டும். நர்ஸ் ஒருவர் வந்து பார்த்துவிட்டுப் போவார். கடற்கரை நகரத்தில் இருந்த மகள் ரூத் வந்து தங்கியது. அந்தப் பெண்ணுக்கு அப்பாவின் அரசியல் பிடிக்காது. அதனாலேயே பல வருஷம் மலைக்கு வராமல் இருந்தது. இப்போது வந்து, அவர் கால்மாட்டில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தது.

இங்கே என் நிலைமையையும் சொல்ல வேண்டும். அந்த வேலையில் நாம் யாரைப் பார்த்துக்கொள்கிறோமோ அவர் பேரோடுதான் விசா. அங்கே வேலை செய்ய எனக்குக் கொடுத்த வருஷங்கள் முடிந்துபோயிருந்தன. அவர் இருக்கிறவரை மட்டும் நீட்டிப்புக் கொடுத்திருந்தார்கள். அவர் மூச்சு நின்றால் நான் ஊருக்குப் போக வேண்டும், திரும்ப வர முடியாது. ஊரில் என் மகள் நர்சிங் படிப்பின் பாதியில் இருந்தாள். எனக்கு முதுகு போயிருந்தது, ஊரில் யாரும் வேலை தர மாட்டார்கள். ஆகவே அவர் உயிரோடு இருக்கிற ஒவ்வொரு நாளும் என் வீட்டுக்கு ஒரு நாள்.

ஆனால் அவர் போகவும் இல்லை, இருக்கவும் இல்லை. மூச்சு நிற்பது போல நின்று மறுபடியும் இழுக்கும். சரியாக இருந்த வலது கை மட்டும் படுக்கை விரிப்பைப் பிறாண்டிக்கொண்டே இருக்கும். அள்ளுவது மாதிரி, பிடிப்பது மாதிரி. பிடித்ததும் ஒன்றுமில்லை என்று விட்டுவிடும். மறுபடியும் அள்ளும். நகத்தை வெட்டினேன், கையுறை மாட்டினேன், விரலுக்கு நடுவில் துணி சுருட்டி வைத்தேன். துணியை உதறிவிட்டு அள்ளும். வலி மருந்து ஏற்றினாலும் அந்தக் கை ஓயவில்லை. ரூத் அதைப் பார்க்க முடியாமல் எழுந்து எழுந்து வெளியே போகும்.

வீடியோவில் என் மனைவி ரோசலியிடம் சொன்னேன்.

“மண்ணாசைங்க அது. நம்மூருல சொல்ல மாட்டாங்க? அவரு மண்ண கொஞ்சம் கரைச்சி ஒரு சொட்டு நாக்குல வுடுங்க. போயிடுவாரு.”

“பைத்தியமாடி? தொண்டையில எறங்காது. மூச்சுக்குழாய்க்குப் போயிடும். நான் இதே வேலையா இருக்கறவன்.”

“அப்போ வாயில வாணாம். கையில குடுங்க. அந்தக் கைதான தேடுது?”

அவளே கேட்டாள்.

“அவரு போயிட்டா நீங்க வந்துடணும் இல்ல?”

“ஆமா.”

“வந்துடுங்க. போதும். பொண்ணுக்கு எப்பிடியாவது பாத்துக்கலாம். பாவம், வுட்டுடுங்க அவர.”

எங்கள் அப்பாவும் இப்படித்தான் இழுத்துக்கொண்டு கிடந்தார். ஆயுசு பூராவும் இன்னொருவர் கழனியில் ஏர் ஓட்டினவர். மண்ணைக் கரைத்து ஊற்றலாம் என்றபோது, எந்த மண்ணை என்று யாருக்கும் தெரியவில்லை. எங்களுக்கு என்று ஒரு பிடி கிடையாது. அம்மா போய் அவர் ஓட்டின கழனியில் ஒரு பிடி எடுத்தாள். வரப்பில் நின்ற நிலக்காரர், “உன் புருஷன் நெலமாடி அது?” என்று கேட்டார். கோபமாகக்கூடக் கேட்கவில்லை, சிரித்துக்கொண்டுதான் கேட்டார். அம்மா முந்தானையில் முடிந்ததை அவிழ்க்காமல் வந்துவிட்டாள். அதைக் கரைத்துத்தான் ஊற்றினோம். அப்பா போனார்.

அன்றைக்கு வியாழக்கிழமை மத்தியானம். ரூத்திடம் கேட்டேன். அந்த நாட்டில் எல்லோரும் பேர் சொல்லித்தான் கூப்பிடுவார்கள், எனக்கு வாய் வராது. அம்மா என்பேன்.

“அம்மா, எங்கள் ஊரில் ஒரு பழக்கம் இருக்கிறது. தப்பாக நினைக்கக் கூடாது.” சொன்னேன்.

ரூத் முகத்தைத் துடைத்துக்கொண்டு கேட்டது. “எங்களிலும் மண் உண்டு. வெளிநாட்டில் சாகிறவன் தலைக்குக் கீழே இந்த நாட்டு மண் வைப்பார்கள். இங்கேயே சாகிறவனுக்கு எதற்கு?” என்றது. பிறகு அந்தக் கையைப் பார்த்தது. “எடுத்து வா” என்றது.

தோட்டத்தில் யூசுப் ரோஜாப் பாத்தியைக் கொத்திக்கொண்டிருந்தார். பக்கத்தில் குந்தி ஒரு பிடி அள்ளினேன்.

“மந்திரி, இன்னா பண்ற? விவசாயம் பண்ணப் போறியா?”

விஷயத்தைச் சொன்னேன். முதலில் சிரித்தார். அப்புறம் சிரிப்பு நின்றுவிட்டது. களைக்கொத்தைக் கீழே வைத்தார்.

“இந்த மலையில மண் ஏது? எல்லாம் பாறை. கொத்தினா பொறிதான் வரும். இந்தத் தோட்டம் போடறப்ப கீழருந்து லாரியில மண் ஏத்தினு வந்தாங்க. அந்த ரோடு போட்டாங்க பாரு, அதுக்குக் கீழ ஒரு துண்டு நெலம். எங்க அப்பா கோதுமை போட்ட எடம்.”

நான் கையைத் திறந்தபடியே இருந்தேன்.

“ஏத்தினது யாரு தெரியுமா? நான்தான். அப்போ எனக்கு மீசைகூட மொளைக்கல. கூலி குடுத்தாங்க, போனேன். எங்க அப்பா ரெண்டு நாள் என்கூடப் பேசல. மூணாம் நாள் அவரும் வந்து மம்பட்டி புடிச்சாரு. வூட்ல சாப்பிடணுமே.”

நான் அள்ளினதைத் திரும்பப் பாத்தியிலேயே போடப் போனேன். யூசுப் என் மணிக்கட்டைப் பிடித்தார்.

“எடுத்துனு போ. சாவறவன் கேக்கறான், இல்லேன்னு சொல்லக் கூடாது.” கொஞ்சம் பொறுத்து, “முடிஞ்சதும் இங்கயே கொண்டாந்து போட்டுடு. அவ்ளோதான்” என்றார்.

“போட்டுடறேன்” என்றேன்.

உள்ளே வந்து கல், வேர் எல்லாம் பொறுக்கி எடுத்தேன். “ஐயா, கையில மண் வைக்கறேன்” என்று தமிழிலேயே சொன்னேன். அந்த நேரத்தில் வேறு பாஷை வரவில்லை. உள்ளங்கையில் வைத்தேன். விரல்கள் மூடின. பிறாண்டுவது நின்றுவிட்டது. ரூத் கட்டில் ஓரத்தில் தலையைச் சாய்த்துத் தூங்கியே போய்விட்டது. அத்தனை நாளும் அது தூங்கவில்லை.

வெள்ளிக்கிழமை காலை, நான் அவர் உதட்டை ஈரப் பஞ்சால் துடைத்துக்கொண்டிருந்தபோது மூச்சு நின்றது. மறுபடியும் இழுக்கும் என்று காத்திருந்தேன். இழுக்கவில்லை. கை மூடியே இருந்தது.

அவர்களில் சீக்கிரம் அடக்கம் செய்துவிடுவார்கள், அதுவும் அன்று சாயங்காலம் சனிக்கிழமை ஓய்வு நாள் பிறப்பதற்குள். முறைப்படி குளிப்பாட்டுகிறவர்கள் கிளம்பிவிட்டார்கள் என்று போன் வந்தது. நகக்கண்ணில்கூட ஒரு துளி அழுக்கு இல்லாமல் கழுவுவார்கள். நான் தண்ணீர் பிடிக்கிற பேசினை எடுக்க எழுந்தேன்.

“எதற்கு?” என்றது ரூத்.

“கையைக் கழுவி மண்ணை எடுக்க வேண்டும் அம்மா.”

“வேண்டாம். கூடவே போகட்டும்.”

“எடுத்த இடத்தில் போடுவதாகச் சொல்லியிருக்கிறேன்.”

“யாரிடம்?”

“யூசுப்பிடம்.” லாரியைப் பற்றியும் அவர் அப்பாவைப் பற்றியும் சொன்னேன். எனக்கு அவ்வளவு நீளமாகப் பேசி வழக்கமில்லை.

ரூத்தின் முகம் சிவந்துவிட்டது. “ஆயுசு பூராவும் எல்லோரும் இதைத்தான் கேட்டார்கள், திருப்பிக் கொடு, திருப்பிக் கொடு என்று. நானும் கேட்டேன். அதற்காகவே இந்த வீட்டை விட்டுப் போனேன். இன்றைக்கு ஒரு நாள் விடக் கூடாதா? செத்தவர் கையிலிருந்தா பிடுங்குவாய்?”

நான் தலையைக் குனிந்துகொண்டேன். எனக்கு அந்த வீட்டில் அதற்குப் பிறகு வேலையும் இல்லை, பேச உரிமையும் இல்லை. ஆனாலும் சொன்னேன். “பிடுங்கவில்லை அம்மா. வருகிறவர்கள் எப்படியும் கழுவத்தான் போகிறார்கள். அவர்கள் கழுவினால் சாக்கடைக்குப் போகும். அவருக்கும் இல்லை, யூசுப்புக்கும் இல்லை.”

ரூத் எழுந்து போய்விட்டது. தவறு செய்துவிட்டேன் என்று நினைத்தேன். குழாய்ச் சத்தம் கேட்டது. வெதுவெதுப்பான தண்ணீரோடு பேசினை அதுவே எடுத்து வந்து கட்டிலில் வைத்து, இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டது.

“ஐயா, கையைத் திறக்கிறேன்” என்றேன். எப்போதும் சொல்வதுதான். விரலை ஒவ்வொன்றாக நிமிர்த்தினேன். கட்டியாகப் பிடித்திருந்த மண் தண்ணீரில் விழுந்து கலங்கியது. ரேகைக்குள் இருந்ததையும் நகத்துக்குள் இருந்ததையும் விரலால் தேய்த்து எடுத்தேன். ரூத் தண்ணீரையே பார்த்துக்கொண்டிருந்தது. பேசினைத் தளும்பாமல் எடுத்துப் போய் ரோஜாப் பாத்தியில் ஊற்றினேன். அடியில் தங்கினதையும் கையால் வழித்துப் போட்டேன். திரும்பிப் பார்த்தபோது ரூத் ஜன்னலில் நின்றிருந்தது.

வெள்ளி யூசுப்புக்கு விடுமுறை. சனிக்கிழமை யாரையும் உள்ளே விட மாட்டார்கள். ஞாயிறு விடியும்போதே ரூத் என்னைக் காரில் ஏற்றி ஏஜென்ட் ஆபீஸ் இருக்கும் நகரத்தில் விட்டுவிட்டது. போகும் வழியில் கேட்டில் வரிசையாக வேலைக்காரர்கள் நின்றிருந்தார்கள். கார் வேகமாகப் போனது. யூசுப் அந்த வரிசையில் இருந்தாரா என்று தெரியவில்லை. நான் ஊருக்கு வந்த பிறகு அங்கே பெரிய சண்டை வந்துவிட்டது. கேட்டையே மூடிவிட்டார்கள், கீழ் ஊர்க்காரர்களுக்கு வேலை கிடையாது என்று கேள்விப்பட்டேன். யூசுப் நம்பர் அடித்தால் மணி போகவில்லை.

ஊரில் எல்லோரும் புண்ணிய பூமியிலிருந்து மண் கொண்டு வந்தாயா என்று கேட்டார்கள். சர்ச்சில் கேட்டார்கள், சொந்தக்காரர்கள் கேட்டார்கள். பாகூர் கடைத்தெருவில் டீக்கடைக்காரர்கூடக் கேட்டார். இல்லை என்றேன். இத்தனை வருஷம் இருந்துவிட்டு ஒரு பிடி மண் எடுத்து வரத் தோணலியா என்றார்கள்.

எனக்கு அவர் மேல் கோபம் இல்லை. அவர் செய்தது சரி என்றும் என்னால் சொல்ல முடியாது. கூரை இல்லாமல் நனைந்தவர் கூரைக்காக அலைந்தார், அது எனக்குப் புரிகிறது. அந்தக் கூரைக்குக் கீழே யார் கழனி போனது என்று அவர் கடைசி வரைக்கும் கேட்கவில்லை. அதுவும் எனக்குத் தெரியும். இரண்டையும் தெரிந்துகொண்டு இருப்பது ரொம்ப அலுப்பான வேலை. ஆளைத் தூக்குவதை விட அலுப்பு.

மூலக்குளத்துப் பிள்ளைகளுக்காகத்தான் எழுதினேன். ஆனால் உண்மையில் இது யூசுப்புக்குப் போக வேண்டியது. அவருக்குத் தமிழ் தெரியாது, நான் எழுதினது அவர் கைக்குப் போகவும் வழியில்லை. இருந்தாலும் எங்கேயாவது ஒரு காகிதத்தில் இது இருக்கட்டும்.

யூசுப், அவர் கையில் இருந்ததை அந்தப் பாத்தியிலேயே போட்டுவிட்டேன். ரூத் பேசினைப் பிடித்துக்கொண்டது.

சோரியாங்குப்பம்,
மாசி மாதம் பதினொன்றாம் தேதி, மத்தியானம்.